பெய்த்தானோ, ஒன்பதாம் அறை

பேரென்னவோ விஷ்ணுவின் ஊர்.
தோண்டினால் வருவது
துறவிகளின் அறை வரிசை.

ஒன்பதாம் அறை எனக்கு.
ஓர் ஆள் படுத்தால் கால் மடக்க வேண்டும்.
தூரிகையால் மண் தள்ளுகிறேன்:
செங்கல்லுக்குள் உமி, கருகின உமி,
மேலே மூன்று விரல் இழுத்த கோடு.

சூளையில் பதினோரு வருசம் கல் அறுத்தவள் நான்.
ஈரக் கல்லில் விரல் பட்டால்
தௌங்துவிஞ்சி முதலாளி கூலியில் பிடிப்பான்.

யாரும் பார்க்கவில்லை.
வைத்துப் பார்த்தேன்.
சுண்டுவிரல் மட்டும் பொருந்தியது.
பிள்ளைக் கை.

டோ தண்டா கல்லுக்கு எண் போட்டார், 9/214.
"கோடு எதுக்கு?"
"கணக்குக்கா இருக்கலாம்."

இருக்கலாம்.
கணக்குத் தீர்த்தார்களா என்று
கேட்க வந்த வாயில்
தண்ணீர் ஊற்றிக்கொண்டேன்.
பத்தாம் அறையில்
இன்னும் முழங்கால் அளவு மண்.