பந்தயத் திடல்
(சார்ல்ஸ்டன், 1865)

குதிரைகளின் பெயரெல்லாம் குவாஷுக்குத் தெரியும்.
தாய் எது, தகப்பன் எது,
எந்தக் கப்பலில் வந்திறங்கியது பாட்டன் என்பதுவரை.
தோல் அட்டை போட்ட பேரேட்டில் இருந்தன அவை.
இன்னொரு பேரேட்டில் அவனும் இருந்தான்:
குவாஷ், குதிரை தேய்ப்பவன், வயது சுமார் முப்பது,
எண்ணூறு டாலர்.
தாய் எது என்ற கட்டம் அதில் இல்லை.

போரின் கடைசி வருஷம்
ஓடுதளத்தின் நடுப்புல்லில் கைதிகளை அடைத்தார்கள்.
வடக்கத்திப் பையன்கள். கூரை இல்லை.
செத்தவர்களை நடுவர் மேடைக்குப் பின்னால்
குழியில் தள்ளி, மேலாக மண்ணைத் தூவிவிட்டு
பிப்ரவரியில் எஜமானர்கள் ஊரைவிட்டுப் போனார்கள்.

நாய்கள் வரத் தொடங்கியதும்
குவாஷ் மண்வெட்டி எடுத்தான்.
யாரும் ஏவவில்லை.
ஏவாமல் குனிவது முதுகுக்குப் புதுசாயிருந்தது.
துறைமுகத்து மூட்டைக்காரர்கள் வந்தார்கள்,
ஒரு தச்சன், மீன் விற்கும் இருவர்,
மூக்கில் துணி கட்டிக்கொண்டு.

ஒருவன் பையில் மரக்கரண்டி.
ஒருவன் பொத்தானில் கழுகு.
பெயர் மட்டும் ஒருவனிடமும் இல்லை.
"எண்ணிக்கொண்டே வா" என்றாள் பைனா.
நூறைத் தாண்டியதும் அவனுக்கு எண் தடுமாறியது.
அதன்பிறகு ஒவ்வொரு குழிக்கும் வாய்க்குள் முணுமுணுத்தான்:
நெப்டியூன்.
கிழட்டு ஆர்லாண்டோ.
நள்ளிரவு.
"குதிரைப் பேரா! மனுஷனுக்கா?"
"எனக்குத் தெரிந்த மரியாதையான பேர்
இவைதான், பைனா."

சிப்பி சுட்ட சுண்ணாம்பில் வேலி வெளுத்தது.
நகக்கண்ணெல்லாம் வெந்து உரிந்தது.

மே முதல் நாள் பிள்ளைகள் வந்தார்கள்,
'அ'வும் 'ஆ'வும் போல இரண்டெழுத்து கற்று
இரண்டு மாதமே ஆனவர்கள்,
கைகொள்ளாத ரோஜாவோடு.
குதிரைகள் இரண்டு நிமிஷத்தில் முடித்த வட்டம்
அவர்கள் நடந்து தீர மதியம் ஆயிற்று.
மண் தெரியாமல் பூ.
முள் குத்திய ஒரு சிறுமி
விரலைச் சூப்பிக்கொண்டே பாடினாள்.

பின்னால் நாட்டுக்கே அப்படியொரு நாள் வந்தது.
தேதி வேறு. தொடங்கியது நாங்கள்தான் என்று
வேறு வேறு ஊர்கள் சொல்லிக்கொண்டன.
வேலி உளுத்து விழுந்தது.
எலும்புகளையும் வேறெங்கோ கொண்டுபோய்விட்டார்கள்.

அந்த விடுமுறையிலும் கரிவண்டி ஓட்டினான் குவாஷ்.
வண்டி இழுத்த மட்டக்குதிரையை
'ஏய்' என்றே கூப்பிட்டான்.
பெயர் வைக்கவில்லையா என்று கேட்டவர்களிடம்
கடிவாளத்தைச் சரிசெய்தபடி சொன்னான்:
"கையில் இருந்ததெல்லாம் கொடுத்தாகிவிட்டது."