மூன்றும் இரண்டும் ஒன்றும்

பாயான் லெப்பாஸ் கம்பெனியில்
இருபத்து மூன்று வருஷம்
மைக்ராஸ்கோப்பில் கண்ணை ஊன்றிச்
சில்லு பார்த்தவள் நான்.
கீறல், விரிசல், விளிம்பு உடைந்தது,
தங்கக் கம்பி தடம் மாறியது.
நல்லது இடப்பக்கம், கழிவு வலப்பக்கம்.
நடுவில் மஞ்சள் தட்டு ஒன்று: ரீவொர்க்.

இப்போது யாரோ என்னைப் பார்த்திருக்கிறார்கள்.

டாக்டர் ஊய் காகிதத்தை என் பக்கம் திருப்பினார்.
மேலே தவமணி அங்கமுத்து,
வழக்கம்போல் ஓர் எழுத்துப் பிழையோடு.
கீழே மூன்று எண்கள்.

முதல் கேள்வி,
இந்தச் செல்களுக்கு இன்னும் குழாய் கட்டத் தெரிகிறதா?
பால் போக வழி கட்டவே பிறந்தவை.
மறக்காமல் கட்டினால் ஒன்று.
பாதி மறந்தால் இரண்டு.
உங்களுடையவை ஏறக்குறைய முழுக்க மறந்துவிட்டன,
மூன்று.

ஒரு சொட்டும் ஓடாத குழாய்கள்.
யாருக்காகத்தான் ஞாபகம் வைத்திருக்கும்?
இதை நான் அவரிடம் சொல்லவில்லை.

அடுத்தது செல்லின் கரு.
எல்லாம் ஒரே அளவா, ஒரே சாடையா?
எனக்குள் நானே மாற்றிக் கேட்டுக்கொண்டேன்:
ஷிப்ட் முடிந்து ஒரே சீருடையில் பஸ் ஏறும் பெண்களா,
தண்ணீர்மலை ஏறும் தைப்பூசக் கூட்டமா?
இரண்டுக்கும் நடுவே. இரண்டு.

கடைசியாக,
எத்தனை செல்கள் பிரியும் வேளையில்
கையும் களவுமாய் அகப்பட்டன?
கட்டம் கட்டமாய் நகர்த்தி எண்ணுவார்களாம்.
என்னுடையவை நிதானம். ஒன்று.

கூட்டினால் ஆறு.
ஐந்து வரைக்கும் முதல் தரம்,
ஆறும் ஏழும் இரண்டாம் தரம்,
அதற்கு மேல் மூன்றாம் தரம்.
இங்கே குறைந்த மார்க் வாங்குகிறவள்தான் கெட்டிக்காரி.

போனில் பூங்கொடி அழுதாள்.
"ரெண்டாங் கட்டமாடி?"
கட்டம் வேறு, தரம் வேறு.
எவ்வளவு தூரம் போயிருக்கிறது என்பது கட்டம்,
அதை அக்குளையும் பார்த்த பிறகுதான் சொல்வார்கள்.
தரம் என்பது ஆள் எப்படி என்பது.
"சரி, ஆள் எப்படி?" என்றாள்,
மாப்பிள்ளை விசாரிக்கிற குரலில்.
"அவசரக்காரன் இல்ல. ஆனா
வீட்டு வேலை ஒண்ணும் தெரியாது."
இருவரும் சிரித்துத் தொலைத்தோம்.

ஈஸ்ட்ரோஜன் வந்து தட்டினால்
கதவு திறக்கிற வகையாம் இது.
நல்லதுதான் என்றார் டாக்டர்.
கதவு இருந்தால் பூட்டலாம்.

ராத்திரி தூக்கம் வரவில்லை.
விடியற்காலை நான்கு மணிக்கு
ஏர்கோன் குளிரில், கண் எரிய,
கோட்டின் மேலேயே கிடக்கும் ஒரு சில்லை
எந்தத் தட்டில் போடுவதென்று
நான் முடிவு செய்த விதம் எனக்குத் தெரியும்.
சூப்பர்வைசர் வரும் செருப்புச் சத்தத்தில்
நல்லதாய்ப் போனது உண்டு.
பசியில் கழிவாய்ப் போனதும் உண்டு.

ஐந்துக்கும் ஆறுக்கும் நடுவே
ஒரு ஜோடிக் கண்தான் இருக்கிறது.
காகிதத்தின் அடியில் கையெழுத்து: நூர் ஹஸ்லினா.
அம்மா, என்னை எண்ணும்போது மணி என்ன?
சாப்பிட்டிருந்தாயா?
கழுத்து வலித்தபோது
தலையைத் தூக்கி ஜன்னலில் எதையாவது பார்த்துவிட்டு
மறுபடி குனிந்தாயா, இல்லை
அப்படியே எழுதிவிட்டாயா?

ஆபரேஷன் தேதி குறித்த அன்று கேட்டேன்,
அந்தக் கண்ணாடித் துண்டை நான் பார்க்கலாமா?
யாரும் இப்படிக் கேட்டதில்லையாம்.
பேனாவை இரண்டு முறை தட்டிவிட்டு
லேப்புக்குப் போன் போட்டார்.

ஊதாவும் ரோஸுமாய் நான்.
குவியத்தை என் விரல்களே திருப்பின.
பக்கத்தில் சின்னப் பெண்.
டுடோங்குக்குள் அவள் கண்ணைச் சுற்றி
எனக்கு இருந்த அதே வளையத் தடம்.
ஒரு செல் நடுவில் கறுப்பாய் வரிசை கட்டி
பிரியத் தயாராய் நின்றது.
என் உடம்பில் இவ்வளவு ஒழுங்கா?

"அக்கா என்றால் எத்தனை போடுவீர்கள்?"
மலாயில் கேட்டாள்.
நான் கண்ணை எடுக்கவில்லை.
இன்னும் எட்டுக் கட்டம் பாக்கி இருந்தது.