மூன்றாம் முறை போனபோது

மிராண்டெலா கோர்ட்டின் முத்திரை குத்திய ஐந்து பக்கம்
காரில் பக்கத்து இருக்கையில் கிடக்கிறது.
மலைவளைவில் வழுக்கிக் கதவோரம் போகும்.
நேர்சாலை வந்தாலும் தானாகத் திரும்பாது.

அமீனா வேலை பார்ப்பவள் நான்.
வீடு, டிராக்டர், ஒருமுறை பியானோ,
பூட்டிய கதவுகளுக்குப் பின்னாலிருந்து
எத்தனையோ எடுத்துக் கொடுத்திருக்கிறேன்.
தண்ணீர் எடுத்துக் கொடுத்ததில்லை.

ஊற்று இருப்பது பெல்மீரோவின் மேல்நிலத்தில்.
அதில் பாதி, இரும்புக் குழாய் வழியாக,
கீழ்வீட்டு அடோசிந்தாவுடையது.
அண்ணன் தம்பி பிள்ளைகள் இருவரும்.
1961இல் அப்பன்மார் பாகம் பிரித்தபோது
நோட்டரி எழுதிவைத்தார்:
"வழக்கம்போல், தடையின்றி."
அந்த வழக்கத்துக்கு ஒன்பது வருஷம் வழக்கு.

முதல் முறை போனபோது அவர் வீட்டில் இல்லை.
நாய் இருந்தது.
நாயிடம் உத்தரவைக் கொடுக்கச் சட்டத்தில் இடமில்லை.

இரண்டாம் முறை வால்வைத் திறந்தே வைத்திருந்தார்.
"பாருங்கள்" என்றார்.
பார்த்தேன், ஓடியது.
கையெழுத்து வாங்கிக்கொண்டு
கஷ்கொட்டைத் தோப்பைத் தாண்டுவதற்குள் போன்:
நின்றுவிட்டது.
அவளுக்குக் கொடுக்காத தண்ணியை
எனக்குக் காட்டியிருக்கிறார்.

நீதிபதி அபராதம் போட்டார்,
நாளுக்கு இருபது யூரோ, திறக்கும்வரை.
ஒரு வாரம் தாங்கமாட்டார் என்று
ஆபீசில் பேசிக்கொண்டோம்.
பெல்மீரோ கட்டினார்.
திங்கள்தோறும் நூற்று நாற்பது,
தபால் ஆபீஸ் வரிசையில் தொப்பியைக் கழற்றி நின்று
ரசீதை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்தார்.
பாதி அரசாங்கத்துக்கு, பாதி அவளுக்கு.
தன் பாதியில் அவள்
ஐந்து லிட்டர் புட்டிகளாக வாங்கி அடுக்கினாள்.
பத்தொன்பது வாரம்
அவர் காசிலேயே சமைத்தாள், தலை கழுவினாள்.
தக்காளிச் செடிக்கு ஊற்ற மட்டும்
மனம் வரவில்லையாம். காய்ந்துபோயின.

நீரடித்து நீர் விலகாது என்கிறார்கள்.
அடிப்பானேன்,
முக்கால் அங்குல வால்வு ஒன்று போதும்.

இம்முறை என்னோடு
பூட்டுக்காரர், குழாய்க்காரர், காவலர் இருவர்.
அதில் ஒருத்தி சின்னப்பெண்,
புது பூட்ஸில் சேறு படாமல் கல் கல்லாகத் தாவினாள்.
ஊற்றுவாயில் இடுப்பளவு இரும்புக்கதவு.
அதன்முன் நாற்காலி போட்டு
பெல்மீரோ கஷ்கொட்டை உரித்துக்கொண்டிருந்தார்.
ஐந்து பக்கத்தையும் வாசித்தேன்.
வாசித்தாக வேண்டும்.
"தடையின்றி" வந்தபோது கத்தி நின்றது.
எழுந்தார். நாற்காலியை நகர்த்தினார்.
சாவி தரவில்லை.

"காசு கேட்டீர்கள், கட்டினேன்.
இதை நான் கொடுத்ததாக மட்டும் எழுதாதீர்கள்."

எழுதவில்லை.
"பலவந்தமாக" என்ற கட்டத்தில் குறியிட்டேன்.
அவருக்கு அது திருப்தி போலத்தான் இருந்தது.
பூட்டு நாலு நிமிஷம் தாங்கியது.
குழாய்க்காரர் வாளி பிடித்து, கடிகாரம் பார்த்து
நிமிஷத்துக்கு ஐந்தரை லிட்டர் என்றார்.
வால்வின் கழுத்தில் கம்பி சுற்றி
ஈயமுத்திரை வைத்தேன்.

கீழே, அடோசிந்தாவின் சமையலறையில்
குழாய் முதலில் இருமியது.
துரு வந்தது. நீளமாக வெறும் காற்று.
அப்புறம் தண்ணீர்.

அவள் குடிக்கவில்லை. பாத்திரம் எதுவும் வைக்கவில்லை.
"மணியை எழுதிக்கொள்ளுங்கள்" என்றாள்.
பன்னிரண்டு நாற்பது.
சுவரோரம் இன்னும் பதினாறு புட்டிகள், மூடி திறக்காமல்.

பூட்டின் கிரீஸ் என் விரலெல்லாம்.
கழுவிக்கொள்ளலாமா என்று கேட்டேன்.
"கழுவுங்கள். மூடிவிடாதீர்கள்.
அவன் படுக்கையறைச் சுவரை ஒட்டித்தான்
இந்தக் குழாய் இறங்குகிறது.
ஓடினால் ராத்திரி அவனுக்குச் சத்தம் கேட்கும்."

அறிக்கையில் அதற்கு ஒரு கட்டமும் இல்லை.

தோப்பு வந்தது. வேகத்தைக் குறைத்தேன்.
தோப்பு போயிற்று.
போன் அடிக்கவில்லை.
கிரீஸ் போய்விட்டது,
ஸ்டியரிங்கைப் பிடித்த விரல்கள் மட்டும்
ஊரெல்லை தாண்டியும் சில்லிட்டிருந்தன.