கரண்டி இழுப்பறை

கிளாஸ்கோவில், மூடிப்போன பிஸ்கட் தொழிற்சாலைக்குள்
ஒட்டுப்பலகையில் ஒரு சமையலறை கட்டினோம்.
மூன்று சுவர். நான்காவது பக்கம் கேமரா.
ஜன்னலுக்கு வெளியே பெய்கிற மழை என் பொறுப்பு:
ஒரு குழாய், இரண்டு வாளி.

இஷ்பெல் ரென்னிக்கு ஏழு வரி வசனம்,
கொலையானவனின் அக்கா.
போன வருடம் இதே தொடரில் பிணமாகக் கிடந்தவள்.
மூச்சை நன்றாக அடக்குகிறாய் என்றார்களாம்.
பழக்கம்தான், என்றாளாம்.

ஒத்திகையில் கெட்டிலை வைத்தவள்
எழுதியிராத ஒன்றைச் செய்தாள்:
அடுப்புக்குப் பக்கத்து இழுப்பறையை இழுத்தாள்.
காலி.
கை அதிலேயே நின்றது.
கட் சொல்ல இயக்குநருக்கு மறந்துபோனது.

தேநீர் இடைவேளையில் என் வாளிகளின் அருகே வந்தாள்.
யாரும் கேட்கவில்லை, அவளாகத்தான் சொன்னாள்.

ஒன்பது வளர்ப்பு வீடுகள்.
டண்டீயில் நான்கு. அர்ப்ரோத்தில்
மீன் புகைபோடும் வாடையோடு பதினோரு வாரம்.
மற்றவை ஒன்றோடொன்று கலந்துவிட்டன.
காரில் கறுப்புப் பையை மடியில்தான் வைத்துக்கொள்வாள்;
ஒருமுறை வாசலில் வைத்ததைக்
குப்பை வண்டி கொண்டுபோனது.

வந்த ராத்திரியே, எல்லோரும் தூங்கியதும்
எழுந்துபோய்க் கரண்டி இருக்குமிடம் பார்த்துவைப்பாள்.
'கேட்டால் விருந்தாளி.
கேட்காமல் எடுத்தால் அந்த வீட்டுப் பெண்.'
கிர்கால்டியில் ஜாடிக்குள் தலைகீழாக.
பெர்த்தில் பூட்டி.
பேச்சையும் அப்படித்தான் எடுத்துக்கொண்டாள்,
வீட்டுக்கு ஒரு 'ஆமாம்'.

பதினாறு வயதில் நாடகக் குழுவுக்குப் போனது நடிக்க இல்லை.
அங்கே ஹீட்டர் இருந்தது, புதன்கிழமை சூப்பும்.
முதல் படப்பிடிப்பில் தரையில் டேப் ஒட்டி
இதுதான் உன் இடம் என்றார்கள்.
எத்தனை நாளைக்கு என்று கேட்டுவிட்டு
அவளே முதலில் சிரித்தாளாம்.

நான் ஆறுதலாக எதுவும் சொல்லவில்லை.
மாலையில் பழைய சாமான் கடையில்
ஜோடி சேராத பதினான்கு கரண்டிகளை
ஆறு பவுண்டுக்கு வாங்கினேன்.
ரசீதைத் தயாரிப்பாளர் இரண்டு முறை படித்தார்.

மறுநாள் இழுத்தாள். கலகலத்தது.
வசனம் கேட்கவில்லை என்று ஒலிப்பதிவாளர் கத்தினார்.
இன்னொரு டேக், இன்னும் ஒன்று.
ஒவ்வொரு முறையும் பார்க்காமலே கைவிட்டு
ஒன்றை எடுத்தாள்.

ஒளிபரப்பானபோது அவள் முதுகு மட்டும் தெரிந்தது,
நான்கு விநாடி.
என் மழை நன்றாக வந்திருந்தது.

செட்டைப் பிரித்த அன்று எண்ணினேன்.
பதின்மூன்று.
திரும்ப எண்ணவில்லை.
பட்டியலில், வாங்கியது என்ற இடத்தில்
பதினான்கை அடித்துப் பதின்மூன்று என்று எழுதினேன்.