ஃப்ராவ் வொல்டெகியோர்கிஸ்

காஸல் நகர அலுவலகத்தில்
ஒலிபெருக்கி என் அப்பாவைக் கூப்பிடுகிறது.
எழுந்து நிற்பது நான்.

எங்களிடம் குடும்பப் பெயர் கிடையாது.
நான் லெத்தெபிர்ஹான். பின்னால் அப்பா பெயர்,
அதற்கும் பின்னால் அவருடைய அப்பா. அவ்வளவுதான்.
முகாமில் படிவம் நிரப்பியவனுக்கு இதை விளக்க
அன்று என்னிடம் மூன்றே ஜெர்மன் சொற்கள்:
நன்றி, தண்ணீர், இல்லை.

ஃப்ராவ் என்றால் அம்மணி.
கெரென் – அஸ்மாரா மலைப்பாதையில்
ஒரு கையால் மீசையைத் தடவிக்கொண்டே
பதினெட்டு வருஷம் பேருந்து ஓட்டிய மனிதர்
அம்மணி ஆகிவிட்டார்.
முதல் தடவை கேட்டபோது வாய்விட்டுச் சிரித்தேன்.
பக்கத்திலிருந்த கானாக்காரர் இடம் மாறி உட்கார்ந்தார்.

சிரிப்பு அந்த ஒரு நாளோடு சரி.

மின்கட்டண ரசீதில் அவர்.
பல் மருத்துவரின் நினைவூட்டல் கடிதத்தில் அவர்.
ஆஸ்பத்திரிப் போர்வைகளை மடிக்கும் சலவைக்கூடத்தில்
"வொல்டே, சீக்கிரம்" என்கிறாள் உல்ரிகே.
டிராமில் டிக்கெட் எடுக்காததற்கு
அபராதம் அறுபது யூரோ, அதுவும் அவர் பெயரில்.
சொந்தத் தம்பியைக்கூட ஓசியில் ஏற்றாத ஆள்.

ஊரில் அந்தப் பெயரை
நாங்கள் சத்தமாகச் சொல்லி ஒன்பது வருஷம் ஆகியிருந்தது.
ஒரு செவ்வாய்க்கிழமை விடியுமுன் வந்து கூட்டிப்போனார்கள்.
பேருந்துச் சாவி ஆணியிலேயே தொங்கியது.
அப்புறம் அம்மாவுக்கு அவர் "அவர்" ஆனார்,
அக்கம்பக்கத்தில் "அந்த விஷயம்."
காவல் நிலையத்தில்
அப்படி யாரும் பிறக்கவேயில்லை.

இன்று குடியுரிமைக் கோப்பு.
மேசைக்கு அப்பால் ஓர் இளைஞன்,
குளிரில் சிவந்த காதுகள், கடித்து வைத்த ஆப்பிள்.
"ரொம்ப நீளமாக இருக்கிறதே.
விரும்பினால் மாற்றிக்கொள்ளலாம், சட்டத்தில் இடமுண்டு.
வொல்டே என்று, இல்லை வால்டர் மாதிரி.
மகளுக்குப் பள்ளியில் வசதியாக இருக்கும்."
நல்லெண்ணத்தோடுதான் சொன்னான்.

எழுத்தெழுத்தாகச் சொன்னேன்.
பன்னிரண்டு.
அவன் தட்டத் தட்டத் திரையில்
வளைவில் திரும்பும் பேருந்துபோல நீண்டுகொண்டே வந்தது.

எங்கே, சேர்த்துப் படியுங்கள் என்றேன்.
படித்தான். தப்பு.
இன்னொரு முறை.
பரவாயில்லை,
இன்னும் கொஞ்சம் சத்தமாக.