மூன்றாவது நாற்காலி

ஆணையைத் தட்டச்சு செய்தது நான்தான்.
நாலே வரி.
பொதுநலன் கருதி, படகு உரிமம் ரத்து.
'காரணம்' என்ற கட்டத்தில்
இரண்டு விரற்கடை இடம் இருந்தது.
ஐயா ஒன்றும் சொல்லவில்லை.
நானும் குறுக்கே ஒரு கோடு இழுத்துவிட்டு
முத்திரையைக் குத்தினேன்.
மை கொஞ்சம் பரவிவிட்டது.
அன்றைக்கு அதற்கு மட்டும்தான் வருத்தப்பட்டேன்.

அது ஏப்ரல்.
மோங்குவில் சமவெளியே கண்ணுக்குத் தெரியாத மாதம்.
ஜாம்பெசி தன் கரைகளைக் கழற்றி வைத்துவிட்டு
அகலமாகப் படுத்திருக்கும்.
பள்ளிப் பிள்ளைகளை, உப்பு மூட்டைகளை,
ஓர் இரவு ஒருத்தியின் பிரசவ வலியை
ஏற்றிப்போன நமாகாவ் முயுண்டாவின் படகு
எங்கள் தாளை வாங்கிக்கொண்டு
கரையில் குப்புறப் படுத்தது.

மூன்று முறை வந்தாள்.
வாசலில் குந்தி
கைகளை மெல்லத் தட்டி வணங்கினாள்.
எங்கள் அறையில் இரண்டே நாற்காலி,
ஐயாவுக்கு ஒன்று, எனக்கு ஒன்று.
"ஆணைதான் போட்டாயிற்றே, இனி என்ன கேட்பது?"
லுசாகாவிலிருந்து வந்தவர் சொன்னதை
லோசியில் அவளுக்குப் பெயர்த்துச் சொன்னதும் நான்தான்.

வக்கீலுக்காக எஞ்சினை விற்றாள் என்று
சந்தையில் பேசிக்கொண்டார்கள்.

நீதிமன்றத்தில் எங்களுக்காகத் தலையாட்டியது
மேசை விசிறி ஒன்றுதான்.
"படகு நல்லதா, ஓட்டையா,
அதைப் பார்ப்பது என் வேலையில்லை" என்றார் நீதிபதி அம்மா.
"இவளிடம் கேட்டீர்களா? எந்தத் தாளில்?"

கோப்பைப் புரட்டினேன்.
ஆறாம் பக்கம் புகார்.
ஏழாம் பக்கம் ஆணை.
ஒட்டிக்கொண்டிருக்குமோ என்று
எச்சில் தொட்டு மறுபடி பிரித்தேன்.
எல்லாரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.
ஆறுக்கும் ஏழுக்கும் நடுவே
ஓர் ஆள் வந்து உட்காரும் அளவு
இடம் கிடந்தது.

ஆகஸ்டில் தீர்ப்பு.
ஆணை செல்லாது; அவளைக் கேட்டு, புதிதாய் முடிவெடுக்க.
அதற்குள் தண்ணீர் வடிந்து
படகுத்துறையில் மாடு மேய்ந்தது.
தாளைத் திருப்பித் தந்துவிட்டார்கள்.
வெள்ளத்தை யாரிடம் கேட்பாள்?

விசாரணைக்கு முந்தின வாரம்
பண்டகசாலைக்குப் படிவம் நிரப்பினேன்.
பொருள்: நாற்காலி. எண்ணிக்கை: ஒன்று.
அடுத்தது அதே கட்டம்.
பேனா சற்று நின்றது.
'ஒருவர் பேச வேண்டியிருக்கிறது' என்று எழுதினேன்.
பதினோரு வருட வேலையில்
அந்தக் கட்டத்தில் நான் எழுதிய முதல் வாக்கியம்.

வந்தாள்.
முதலில் விளிம்பில், பிறகு முழுசாக
உட்கார்ந்தாள்.
"பன்னிரண்டு மிதவைச் சட்டையும் படகில்தான் இருந்தன.
இல்லை என்று எழுதிக்கொடுத்தவன்
அதே துறையில் படகு விடுகிறவன்.
உங்களுக்குத் தெரியுமா?"

ஐயா என்னைப் பார்த்தார்.
நான் ஆறாம் பக்கத்தைப் பார்த்தேன்.
அடியில் கையெழுத்து, அதற்கும் கீழே
பொடி எழுத்தில் அவன் தொழில்.
ஏப்ரலிலிருந்து அங்கேயேதான் இருந்திருக்கிறது.

ஐயா பேனா மூடியைத் திறந்தார்.

"பொறுங்கள்" என்றாள் நமாகாவ்.
"இன்னும் நான் முடிக்கவில்லை."