சட்டம் செய்தல்

லாயிங் என்றார்கள் அதை.
சட்டம் என்ற பெயர்ச்சொல்லை
நாயின் காலில் வினைச்சொல்லாக்கியது.
தமிழில் சொல்லிப் பார்க்கிறேன்:
உன் நாய்க்குச் சட்டம் செய்தாயிற்றா?
ஒட்டிக்கொள்கிறது.
சட்டமென்றால் நமக்கு மரமும்தானே.

எட்டு அங்குல ஓக் கட்டை.
அதன்மேல் ஒரு முன்னங்கால்.
இரண்டு அங்குல உளி, ஒரே அடி.
மூன்று நகம் போக வேண்டும்,
பாதத்தின் மெத்தை தப்பலாம்.
அளந்து வைத்த கருணை.

மூன்றாண்டுக்கொரு முறை
பன்னிரண்டு பேர் வருவார்கள்
சேறு தெறித்த குதிரைகளில்,
அரசனின் மான்களுக்காக.
சட்டம் செய்யாத நாய்க்கு மூன்று ஷில்லிங்.
விதவை ஆல்டித்துக்கு இருந்ததோ
கறவை வற்றிய ஒரு பசு,
காட்டை ஒட்டி அரை வயல் பார்லி,
ஸ்டர்டி என்ற மாஸ்டிஃப்.
பசுவைப் பார்த்தாள். நாயைப் பார்த்தாள்.
பிறகு அவளே தலையைப் பிடித்துக்கொண்டாள்,
கண்ணைப் பொத்தினாள், நாயின் கண்ணை.
எழுத்தர் வாத்திறகின் நுனியைச் சீவி
'ஆயிற்று' என்று லத்தீனில் எழுதினார்.
மழை வந்து கட்டையைக் கழுவியது,
பாதி.

மான்களுக்கு யார் சொன்னார்களோ.
அந்தக் கோடையில் பகலிலேயே வந்து மேய்ந்தன.
வயலோரம் நொண்டியபடி ஸ்டர்டி குரைக்கும்.
கொம்பன் ஒன்று தலைதூக்கிப் பார்த்துவிட்டு
மென்றுகொண்டே
மறுபடி குனியும்.

பிறகு பனி.
ஆல்டர் மரங்களுக்கடியில் ஒரு பெண்மான்,
தொண்டை கிழிந்து,
ஒரு தொடை குறைந்து.
சுற்றிலும் தடங்கள்.
வனக்காவலன் தர்ஸ்டன் மண்டியிட்டு வாசித்தான்:
முன்காலில் ஒற்றை நகப்புள்ளி.
பிடித்துவிட்டேன் என்று எழுந்தான்,
தடத்தோடு ஊருக்குள் வந்தான்.

ஆலைக்காரன் நாய்: ஒற்றைப்புள்ளி.
தோல் பதனிடுபவன் வீட்டுக் கிழநாய், அதுவும்.
பாதிரியாரின் நாய்கூட
தேவாலய வாசலில் அதையே பதித்துவிட்டுப் போயிருந்தது.
ஊர் முழுக்க ஒரே கையெழுத்து,
ஒரே உளி போட்டுக் கொடுத்தது.

ஆல்டித் கதவைப் பாதி திறந்தாள்.
"சட்டம் செய்த நாய் மானைப் பிடிக்காது, ஐயா.
பிடிக்கும் என்றால்
உங்கள் ஏட்டிலேயே அப்படி எழுதிக்கொள்ளுங்கள்."
அவன் நின்றான்.
கதவிடுக்கிலிருந்து வந்த ஆவியில்
அவன் மூக்கு எல்லாவற்றையும் அறிந்தது.
ஏட்டில் மூக்குக்குப் பத்தி கிடையாது.
தொப்பியைத் தட்டிக்கொண்டு
பனிக்குள் இறங்கினான்.

அடுப்போரம் ஸ்டர்டி
தூக்கத்தில் ஓடிக்கொண்டிருந்தது,
நான்கு காலாலும்.